நின்றது நீங்களா, நிறுத்தியது அவர்களா?

ஹட்டனுக்குப் பக்கத்திலிருந்து ஓர் ஆசிரியை நான்கு பக்கத்தில் கடிதம் எழுதியிருக்கிறார். பெயரும் ஊரும் வேண்டாம் என்று கேட்டிருப்பதால் விஷயத்தை மட்டும் சுருக்கித் தருகிறேன்.

வயது 34. அப்பா இல்லை. அம்மா இன்னும் கொழுந்து பறிக்கிறார். ஆங்கில மொழிமூலத்தில் நடக்கும் ஒரு தனியார் பாடசாலையில் 7 வருடமும் 2 மாதமும் தமிழும் வரலாறும் படிப்பித்திருக்கிறார். அங்கே வேலை செய்பவர்கள் மொத்தம் 28 பேர். கடைசிச் சம்பளம் 42,000 ரூபாய். அதில் 4,000 போக்குவரத்துக்கு. ஒவ்வொரு ஜனவரியும் ‘ஒரு வருட ஒப்பந்தம்’ என்று ஒரு தாளில் கையெழுத்து வாங்குவார்கள். முதல் 3 வருடமும் ஈ.பி.எப். (ஊழியர் சேமலாப நிதி) கட்டவே இல்லை. அதை ஆசிரியர் கூட்டத்தில் எழுந்து கேட்டதிலிருந்துதான் பிரச்சினை.

அடுத்த வெள்ளிக்கிழமை டிரெக்டர் கூப்பிட்டு, பிள்ளைகள் குறைந்துவிட்டார்கள், திங்கட்கிழமையிலிருந்து வர வேண்டாம் என்று வாயால் சொல்லியிருக்கிறார். தட்டச்சு செய்த இராஜினாமாக் கடிதம் ஒன்றை நீட்டி, கையெழுத்து வைத்தால் சேவைச் சான்றிதழ் தருவதாகவும் சொல்லியிருக்கிறார். இவர் வைக்கவில்லை. அன்றிரவே வட்ஸ்அப் குழுவிலிருந்து பெயரை எடுத்துவிட்டார்கள். திங்கட்கிழமை போனால் காவலாளி கேட்டைத் திறக்கவில்லை. எட்டு நாள் கழித்துப் பதிவுத் தபாலில் ஒரு கடிதம் வருகிறது. அறிவிக்காமல் கடமைக்கு வராமல் இருக்கிறீர்கள், 3 நாட்களுக்குள் வராவிட்டால் பதவியைத் தாமாகவே விட்டுச் சென்றதாகக் கருதுவோம் என்று! “பதில் போட்டால் மாட்டிக்கொள்வாய்” என்று மாமா சொன்னதால் இவர் பதில் போடவில்லை. வேலை போய் இப்போது இரண்டு மாதமும் பத்து நாளும்.

அவருடைய கேள்விகள்: உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (நீதிமன்றப் பேராணை கேட்கும் மனு) போடலாமா? ஆசிரியர் தொழிலாளி அல்ல என்று யூடியூபில் ஒரு வக்கீல் சொன்னாரே, அப்படியானால் வேலைப் பிணக்குகளை விசாரிக்கும் தொழில் நியாய சபைக்குப் போக முடியாதா? விசாரணையே இல்லாமல் நிறுத்தியது செல்லாதுதானே? நுவரெலியாவில் ஒரு டியூட்டரியில் வேலைக்குக் கூப்பிடுகிறார்கள், போனால் வழக்கு கெட்டுவிடுமா?

இவற்றோடு ஒரு வரி: “லேபர் என்ற பெயரிலிருந்து தப்பத்தான் படித்து டீச்சரானேன். இப்போது லேபர் ஒபிஸ் வாசலில் போய் நிற்கச் சொல்கிறார்கள்.”

சகோதரி,

உங்கள் கேள்விகளுக்கு முன்னால் அந்தக் கடைசி வரியைத்தான் எடுக்க வேண்டியிருக்கிறது. ஏனென்றால் இரண்டு மாதமாக உங்களைக் கட்டிப்போட்டிருப்பது சட்டத்தை விட அந்த வரிதான் என்று எனக்குத் தோன்றுகிறது.

1950ஆம் ஆண்டின் 43ஆம் இலக்கக் கைத்தொழில் பிணக்குகள் சட்டம், வேலையாள் என்றால் யார் என்று 48ஆம் பிரிவில் சொல்கிறது. தொழில்தருநர் ஒருவரோடு ஒப்பந்தம் செய்து எந்தத் தகைமையிலும் வேலை செய்பவர் வேலையாள்தான். ஒப்பந்தம் எழுத்தில் இருக்கலாம், வாய்ப்பேச்சாகவும் இருக்கலாம். மண்வெட்டி பிடிப்பவர், வெண்கட்டி பிடிப்பவர் என்று சட்டம் பிரித்துப் பார்ப்பதில்லை. உங்கள் அம்மாவுக்கு எந்தக் கதவு திறக்குமோ அதே கதவுதான் உங்களுக்கும். இதில் குறைச்சல் எதுவும் இல்லை. இன்னொன்றும் சொல்கிறேன்: நியாய சபை விறாந்தையில் பிளாஸ்டிக் பையில் கடதாசிகளைச் சுருட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கும் தோட்டத்து மனிதர்களிடம் பேச்சுக் கொடுத்துப் பாருங்கள். எந்தக் கடதாசி எதற்கு உதவும் என்பது சில சட்டத்தரணிகளை விட அவர்களுக்கு நன்றாகத் தெரியும்.

யூடியூபில் பேசியவர் பொய் சொல்லவில்லை. அவர் தமிழ்நாட்டுக்காரர், அவர் நாட்டுச் சட்டத்தைச் சொன்னார். ஆசிரியர் அங்குள்ள தொழில் தகராறுச் சட்டத்தின்படி தொழிலாளி அல்ல என்று இந்திய உச்ச நீதிமன்றம் 1988இல் தீர்ப்பளித்தது. அந்தத் தீர்ப்பு இங்கே நம்மைக் கட்டுப்படுத்தாது, நம் சட்டத்தின் வரைவிலக்கணமும் வேறு. போதாக்குறைக்கு மொழியும் ஏமாற்றுகிறது. அங்கே ‘உயர் நீதிமன்றம்’ என்றால் மாநில அளவில் மேலான நீதிமன்றம். இங்கே உயர் நீதிமன்றம் என்பது கொழும்பில் உள்ள, எல்லாவற்றுக்கும் மேலான நீதிமன்றம். அவர் சொல்வதற்கு நம் ஊரில் கிட்டத்தட்ட ஒத்த பெயர் ‘மேல் நீதிமன்றம்’. அந்த வீடியோவைப் பார்த்துவிட்டு இங்கே வழக்குப் போட நினைப்பவர்கள் மாதம் இரண்டு பேராவது என்னிடம் வருகிறார்கள்.

கடிதத்துக்கு இந்த வாரமே பதில்

மாமா உங்கள் நன்மைக்காகத்தான் சொல்லியிருப்பார். ஆனால் இந்த ஒரு விஷயத்தில் அவர் சொன்னது தவறு.

அவர்கள் ஏன் அந்தக் கடிதத்தை அனுப்பினார்கள் என்று யோசியுங்கள். நிறுத்தியதை பாடசாலை ஒப்புக்கொண்டால், நியாய சபையில் முதலில் எழுந்து காரணம் சொல்ல வேண்டியது அவர்கள். நிறுத்தவே இல்லை, அவராகத்தான் போனார் என்று சொல்லிவிட்டால், நிறுத்தப்பட்டேன் என்பதை முதலில் நிரூபிக்க வேண்டியது நீங்கள். ஒரு பதிவுத் தபால் செலவில் பாரத்தை உங்கள் தலைக்கு மாற்றப் பார்க்கிறார்கள். இனி வழக்கு முழுக்க இந்த ஒரு கேள்வியைச் சுற்றித்தான் நடக்கும்: நின்றது நீங்களா, நிறுத்தியது அவர்களா?

ஒருவர் பதவியை விட்டுச் சென்றார் என்று சொல்ல, வராமல் இருந்தது மட்டும் போதாது. திரும்பி வரக்கூடாது என்ற எண்ணமும் அவருக்கு இருந்திருக்க வேண்டும். உங்களுக்கு அந்த எண்ணம் இல்லை என்பதற்குத் திங்கட்கிழமை காலை கேட்டில் போய் நின்றதே சாட்சி. ஆனால் அது எந்தக் கடதாசியிலும் இல்லையே. ஆகவே எழுதுங்கள். நீளமாக வேண்டாம், கோபமும் வேண்டாம்:

“தங்கள் கடிதம் கிடைத்தது. நான் பதவியை விட்டுச் செல்லவில்லை. இன்ன திகதி வெள்ளிக்கிழமை டிரெக்டர் என்னை அழைத்து, பிள்ளைகள் குறைந்துவிட்டதால் திங்கட்கிழமையிலிருந்து வர வேண்டாம் என்றார். இராஜினாமாக் கடிதத்தில் கையெழுத்திடக் கேட்டார், நான் மறுத்தேன். திங்கட்கிழமை காலை கடமைக்கு வந்த என்னை வாயிலில் தடுத்தார்கள். இன்றும் கடமைக்கு வர ஆயத்தமாக இருக்கிறேன்.”

இன்றைய திகதியைப் போட்டுப் பதிவுத் தபாலில் அனுப்பி, பற்றுச்சீட்டைப் பத்திரமாக வையுங்கள். பிந்தியதற்குக் காரணம் கேட்டால் உள்ளதைச் சொல்லலாம். முன் திகதி போடும் யோசனை மட்டும் வேண்டவே வேண்டாம். தபால் முத்திரை அதைக் காட்டிக்கொடுத்துவிடும், அதன் பிறகு நீங்கள் சொல்லும் உண்மையையும் யாரும் நம்பமாட்டார்கள். ஒருவேளை அவர்கள் “சரி, நாளைக்கு வாருங்கள்” என்று பதில் போட்டால்? கட்டாயம் போக வேண்டும். போகாமல் விட்டால் அவர்கள் சொன்ன கதை உண்மையாகிவிடும்.

வட்ஸ்அப் குழுவிலிருந்து நீக்கியதைக் காட்டும் ஸ்கிரீன்ஷொட், சக ஆசிரியர்கள் “என்ன நடந்தது டீச்சர்?” என்று கேட்ட செய்திகள் எல்லாவற்றையும் அழிக்காமல் வையுங்கள். நியாய சபை சாட்சியச் சட்டத்தின் இறுக்கமான விதிகளுக்குக் கட்டுப்பட்டதல்ல, இப்படிப்பட்டவற்றையும் பார்க்கும். கேட்டில் நடந்ததைப் பார்த்த பெற்றோர் யாராவது இருந்தால் இப்போதே பேசி வையுங்கள். இன்னும் அங்கே வேலை செய்யும் ஆசிரியர்களைச் சாட்சிக்கு வற்புறுத்த வேண்டாம். அவர்களுக்கும் பிள்ளை குட்டி இருக்கிறது.

கையெழுத்து வைக்காமல் வந்தீர்களே, அது பெரிய காரியம். சேவைச் சான்றிதழ் என்ற தூண்டிலுக்கு அந்த இடத்தில் பலர் விழுந்துவிடுவார்கள்.

எந்தக் கதவைத் தட்டுவது

முதலில் திறக்காத கதவுகள். உயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மனு (அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரை) அரசின் நிறைவேற்று, நிர்வாகச் செயல்களுக்கு எதிராகத்தான். அதற்கும் ஒரு மாதம்தான் கெடு. ரிட் என்பது மேன்முறையீட்டு நீதிமன்றத்தின் வேலை, அதுவும் பொது அதிகாரத்தைப் பயன்படுத்துபவர்கள் மீது. உங்கள் பாடசாலை ஒரு தனியார் நிறுவனம், உங்களுக்கும் அதற்கும் இருப்பது வேலை ஒப்பந்தம். கல்வி கொடுப்பது பொதுப்பணி என்று வாதாடிப் பார்க்கலாம்தான். ஆனால் உங்கள் சேமிப்பை அந்தப் பரீட்சைக்குச் செலவழிக்கச் சொல்ல எனக்கு மனமில்லை. அரசாங்கப் பாடசாலையில் படிப்பிக்கும் உங்கள் தம்பி வலயக் கல்வி அலுவலகத்தில் முறைப்பாடு செய்யச் சொன்னதாக எழுதியிருக்கிறீர்கள். அது அவருக்குப் பொருந்தும் வழி. தனியார் பாடசாலை யாரை வேலைக்கு வைக்கிறது, யாரை நிறுத்துகிறது என்பதில் வலயத்துக்குக் கையில்லை. நியாய சபை விஷயத்தில் இது தலைகீழ்: உங்களுக்கு அது உண்டு, அரசாங்கம் தொழில்தருநராக இருப்பதால் அவருக்கு இல்லை.

உங்களுக்கு உரிய கதவு ஹட்டன் தொழில் நியாய சபை, கைத்தொழில் பிணக்குகள் சட்டத்தின் 31ஆ பிரிவு. வேலை முடிவுறுத்தப்பட்ட நாளிலிருந்து 6 மாதத்துக்குள் விண்ணப்பம் போக வேண்டும். உங்களிடம் இன்னும் நாலு மாதம்கூட இல்லை. கடைசி வாரம் வரை வைத்திருக்காமல் இந்த மாதமே போட்டுவிடுங்கள். லேபர் ஒபிஸில் ஒரு முறைப்பாடு கிடக்கிறதே என்று நம்பி இந்தக் கெடுவைக் கோட்டை விட்டவர்களை நான் பார்த்திருக்கிறேன்.

இன்னொரு பொறி: மாவட்ட நீதிமன்றத்தில் நட்டஈட்டு வழக்குப் போடலாம் என்று யாராவது சொன்னால் அவசரப்பட்டுப் போய்விடாதீர்கள். முதலில் வேறொரு சட்டப் பரிகாரத்தை நாடியவருக்கு அதற்குப் பிறகு நியாய சபைக் கதவு மூடிவிடும். சட்டமே அப்படிச் சொல்கிறது.

ஜனவரி ஒப்பந்தத் தாளை நினைத்துப் பயப்படுகிறீர்கள். ஒரு மாத அறிவித்தலில் யாரையும் நிறுத்தலாம் என்று அதில் இருக்கிறதாம். ஒப்பந்தத்தில் என்ன எழுதியிருந்தாலும் நிவாரணம் கொடுக்க நியாய சபைக்கு அதிகாரம் உண்டு. நியாயமும் ஒப்புரவும் எது என்பதே அங்கே அளவுகோல். ஏழு வருடம் ஒரே மேசை, ஒரே வகுப்பு, ஆண்டுக்கொரு தாள் என்றால் அந்தத் தாளுக்குப் பின்னால் இருக்கும் உண்மையையும் சபை பார்க்கும். மற்றபடி ஒப்பந்தக் காலத்தின் நடுவில்தான் உங்களை நிறுத்தியிருக்கிறார்கள், அது உங்களுக்குச் சாதகம்.

விசாரணை இல்லாமல் நிறுத்தியது தானாகவே செல்லாது என்று நினைக்கிறீர்கள். அது சரியில்லை. உள்ளக விசாரணை நடத்தவில்லை என்ற ஒரே காரணத்தால் நம் நாட்டில் வழக்கு வென்றுவிடாது. நியாய சபை சாட்சிகளைப் புதிதாகக் கேட்டு, நிறுத்தியது நியாயமா என்று தானே முடிவு செய்யும். விசாரணை இல்லாதது அவர்களுடைய நடத்தையைக் காட்டும் ஒரு புள்ளி, அவ்வளவுதான்.

“பிள்ளைகள் குறைந்துவிட்டார்கள்” என்ற வார்த்தையையும் விட்டுவிடாதீர்கள். அது ஒழுக்காற்றுக் காரணம் அல்ல. 15 பேருக்குக் குறையாமல் வேலைக்கு வைத்திருக்கும் இடத்தில், முந்திய 12 மாதத்தில் 180 நாளாவது வேலை செய்த ஒருவரை இப்படி நிறுத்துவதானால் அவருடைய எழுத்து மூலச் சம்மதமோ தொழில் ஆணையாளர் நாயகத்தின் முன் அனுமதியோ வேண்டும் என்கிறது 1971ஆம் ஆண்டின் 45ஆம் இலக்கச் சட்டம். நீங்கள் சம்மதிக்கவில்லை. ஆனால் அந்தச் சட்டம் அட்டவணைப்படுத்திய தொழில்களுக்குத்தான். பாடசாலை அதற்குள் வராது என்று அவர்கள் எழுந்து வாதாடுவார்கள். ஆகவே ஹட்டன் தொழில் அலுவலகத்தில் இதைக் கேட்டு வையுங்கள். இதை மட்டும் நம்பி நிற்க வேண்டாம்.

விண்ணப்பத்தில் எதிர்மனுதாரரின் பெயரைச் சரியாகப் போடுங்கள். பெயர்ப்பலகையில் இருப்பது பாடசாலையின் பெயர், சம்பளம் கொடுத்தது பெரும்பாலும் ஒரு கம்பனியாக இருக்கும். சம்பளச் சிட்டையிலும் ஈ.பி.எப். கூற்றிலும் எந்தப் பெயர் இருக்கிறது என்று பாருங்கள். பெயர் பிழைத்து ஒரு வருடம் வீணான வழக்குகள் உண்டு.

சிங்களம் சரியாக வராது என்று கவலைப்பட வேண்டாம். மனுவைத் தமிழிலேயே கொடுக்கலாம், உரைபெயர்ப்பையும் உரிமையாகக் கேட்கலாம். அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரை தொழில் பிணக்குகளைத் தீர்க்கும் சபைகளுக்கும் பொருந்தும். சட்டத்தரணி கட்டாயமில்லை, தொழிற்சங்கப் பிரதிநிதியும் தோன்றலாம். தோட்டத்துச் சங்கம் டீச்சருக்கு எதற்கு என்று எழுதியிருக்கிறீர்கள். நியாய சபைக்குப் பழகிய கால்கள் அவர்களுடையவை. ஒரு முறை போய்ப் பேசினால் நஷ்டமில்லை. வருமானம் குறைவு என்று காட்ட முடிந்தால் சட்ட உதவி ஆணைக்குழுவையும் நாடலாம்.

வேலையா, பணமா

நியாய சபை மீண்டும் வேலையில் அமர்த்தவும் சொல்லலாம், பதிலாக நட்டஈடும் கொடுக்கலாம். உங்கள் கடிதத்தில் ஓரிடத்தில் அந்தப் பிள்ளைகளை விட்டு இருக்க முடியவில்லை என்கிறீர்கள். அடுத்த பக்கத்தில் அந்தக் கேட்டை இனி மிதிக்க மாட்டேன் என்கிறீர்கள். விண்ணப்பத்தில் இரண்டையும் கேளுங்கள், அதற்குள் மனதும் ஒரு பக்கம் சாயும். என் கணிப்பு: சின்ன இடம், தினமும் அதே டிரெக்டர் முகம். இப்படிப்பட்டவை பெரும்பாலும் பணத்தில்தான் முடிகின்றன. சேவைக்காலம், வயது, வேறு வேலை கிடைக்கும் வாய்ப்பு, இழந்த வருமானம் என்று பலதையும் பார்த்துத்தான் தொகை வரும். இவ்வளவு கிடைக்கும் என்று முன்கூட்டியே எண் சொல்பவரை நம்பாதீர்கள். தோற்ற பக்கம் சட்டப் பிரச்சினை ஒன்றைக் காட்டி மாகாண மேல் நீதிமன்றத்துக்கு மேன்முறையீடும் செய்யலாம். ஆகவே ஒன்றிரண்டு வருடத்துக்கு மனதைத் தயார்படுத்திக்கொள்ளுங்கள்.

அதனால்தான் டியூட்டரி வேலைக்குப் போங்கள் என்கிறேன். அது வழக்கைக் கெடுக்காது. நட்டஈட்டைக் கணக்கிடும்போது அந்த வருமானத்தைப் பார்ப்பார்கள், கொஞ்சம் குறையலாம். கேட்டால் மறைக்காமல் சொல்லுங்கள். வேலை இல்லாமல் வீட்டில் உட்கார்ந்திருப்பது வழக்கைப் பலப்படுத்தும் என்பது வீண் நம்பிக்கை, அதற்கு வட்டிக்கடைக்காரரிடம்தான் விலை கொடுக்க வேண்டிவரும்.

பாடசாலையின் பெயரைப் போட்டு முகநூலில் எழுதிவைத்திருப்பதை வெளியிட வேண்டாம். மானநட்ட வழக்கு என்று அவர்கள் திருப்பினால் நீங்கள் இரண்டு இடத்துக்கு அலைய வேண்டிவரும்.

வழக்கு இல்லாமலே வர வேண்டியவை

டிரெக்டர் செய்தது சரியா பிழையா என்று யார் தீர்ப்புச் சொல்வதற்கும் முன்பே உங்களுக்குச் சேர வேண்டிய பணம் இருக்கிறது. அதைக் கருணையாகக் கேட்க வேண்டியதில்லை.

முதலாவது ஈ.பி.எப். தொழில்தருநர் 12 வீதம், உங்கள் பங்கு 8 வீதம், முதல் நாளிலிருந்தே. தகுதிகாண் காலம், தற்காலிகம் என்ற சாக்கெல்லாம் செல்லாது. முதல் மூன்று வருடமும் 25,000 ரூபாய் சம்பளம் என்று எழுதியிருக்கிறீர்கள். அதில் 20 வீதம் மாதம் 5,000; 36 மாதத்துக்கு 180,000 ரூபாய். ஈ.டி.எப். (ஊழியர் நம்பிக்கைப் பொறுப்பு நிதி) 3 வீதம் இன்னொரு 27,000. பிந்திக் கட்டுவதற்கு மேலதிகக் கட்டணமும் சேரும். சம்பளச் சிட்டை இல்லாத மாதங்களுக்கு வங்கிப் புத்தகம், நேரசூசி, நீங்கள் கையெழுத்திட்ட தேர்ச்சி அறிக்கைகள் எல்லாம் உதவும். தொழில் அலுவலகத்தில் இதைத் தனி முறைப்பாடாகக் கொடுங்கள், நிறுத்திய விஷயத்தோடு கலக்க வேண்டாம்.

இரண்டாவது பணிக்கொடை. 1983ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டப்படி, 15 பேருக்குக் குறையாத இடத்தில் 5 வருடம் பூர்த்தியான மாதச் சம்பளக்காரருக்கு, பூர்த்தியான ஒவ்வொரு வருடத்துக்கும் அரை மாதச் சம்பளம். போக்குவரத்துப் பணத்தைக் கழித்தால் உங்கள் சம்பளம் 38,000. பாதி 19,000, ஏழு வருடத்துக்கு 133,000 ரூபாய். வேலை முடிந்து 30 நாளுக்குள் கொடுத்திருக்க வேண்டும். நீங்களாகவே விட்டுப் போனீர்கள் என்ற அவர்களுடைய கதையை ஏற்றாலும் இந்தப் பணம் உண்டு, அதைத்தான் அவர்கள் சொல்லமாட்டார்கள். மோசடி, பணக் கையாடல், சொத்துச் சேதம் போன்ற காரணத்துக்காக நிறுத்தினால் மட்டும்தான், அதுவும் நட்டத்தின் அளவுக்கு, பிடிக்கலாம்.

சமரசப் பேச்சு வந்தால் ‘எல்லாக் கோரிக்கைகளும் தீர்ந்தன’ என்று ஒரு வரி இருக்கும். அந்தத் தொகைக்குள் ஈ.பி.எப்.பையும் பணிக்கொடையையும் கரைத்துவிடப் பார்ப்பார்கள். அவற்றைத் தனியாக எழுதாமல் கையெழுத்து வைக்காதீர்கள்.

உங்கள் மூலச் சான்றிதழ்கள் இன்னும் பாடசாலையிடம் இருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். அவற்றைப் பிடித்து வைக்க அவர்களுக்கு உரிமை இல்லை. அதே பதில் கடிதத்தில், என்னென்ன சான்றிதழ்கள் என்று பட்டியலிட்டுத் திருப்பிக் கேளுங்கள். டியூட்டரிக்கு அவசரம் என்றால் உயர்தரப் பெறுபேற்றைப் பரீட்சைத் திணைக்களத்தில் விண்ணப்பித்து எடுக்கலாம்.

பின்குறிப்பில் கேட்டிருந்தீர்கள்: இரண்டாம் தவணைப் புள்ளிப் புத்தகமும் திருத்திய விடைத்தாள்களும் வீட்டில் இருக்கின்றனவாம், கொடுக்கவா, வைக்கவா? கொடுத்துவிடுங்கள். பிள்ளைகளுக்கு அவை வேண்டும், உங்களைப் பற்றிக் குறைசொல்ல அவர்களுக்கு ஒரு காரணமும் குறையும். கைப்பேசியில் ஒவ்வொரு பக்கமாகப் படம் எடுத்து வைத்துக்கொண்டு, பட்டியலோடு பதிவுப் பொதியாக அனுப்புங்கள். பாடசாலைச் சேலைகள் இரண்டையும் திருப்பித் தரச் சொன்னார்களே, அவற்றின் விலையை உங்கள் சம்பளத்தில் கழித்ததற்குச் சிட்டை இருக்கிறது என்கிறீர்கள். சேலை உங்களுடையது. சிட்டையைக் கோப்பில் வையுங்கள்.